31 ஆட்டம் தோற்ற அணி சாம்பியன் ஆனது எப்படி?

2008-ல் ஃபிரெஸ்னோ ஸ்டேட் கல்லூரி அணி அமெரிக்கக் கல்லூரி பேஸ்பால் பட்டத்தை வென்றபோது அதன் கணக்கு 47 வெற்றி, 31 தோல்வி. இத்தனை தோற்றும் எப்படி என்றால், அவற்றில் பெரும்பாலானவை பட்டப் போட்டிக்கு முந்தைய சீசன் ஆட்டங்களில் வந்தவை. பட்டப் போட்டியின் அமைப்பும் ஒரு காரணம். 64 அணிகள் நான்கு நான்காகப் பிரிந்து மோதும். அந்தச் சுற்றில் ஒரு தோல்வி உங்களை வெளியேற்றாது, இரண்டாவதுதான் வெளியேற்றும். ஃபிரெஸ்னோ தன் நான்கு அணிப் பிரிவில் கடைசித் தரவரிசை. அடுத்த சுற்றில் பலம் வாய்ந்த அரிசோனா ஸ்டேட்டையும் வீழ்த்தி, கடைசிக் கட்டம் நடக்கும் ஓமஹா நகருக்குப் போய்ச் சேர்ந்தது.

இறுதிச் சுற்று மூன்று ஆட்டங்கள், எதிரணி ஜார்ஜியா. முதல் ஆட்டம் 6-7 எனக் கைநழுவியது. இரண்டாவதில் 0-5 என்று பின்தங்கி, பிறகு 19-10 என்று வென்றார்கள். கிரிக்கெட் பார்த்துப் பழகியவர்களுக்கு இது சாதாரணம். பேஸ்பாலில் 19 ரன் என்பது வெளுத்து வாங்குவது!

மூன்றாவது ஆட்டம் முழுக்க ஃபிரெஸ்னோ வீரர் ஸ்டீவ் டெட்வைலருடையது. இடது கட்டைவிரலில் தசைநார் கிழிந்த நிலையிலேயே மட்டை பிடித்து, இரண்டு ஹோம் ரன் (கிரிக்கெட் சிக்ஸர் மாதிரி) அடித்தார். 6-1 வெற்றியில் அந்த ஆறு ரன்னும் அவர் அடியில் வந்தவை. கடைசி கேட்சும் அவர் கையில்தான். எனக்கென்னவோ, ஆட்டத்தின் ஒன்பது இன்னிங்ஸில் எட்டில் பந்து வீசிய ஜஸ்டின் வில்சனுக்கும் பாதிப் புகழ் சேர வேண்டும்.