மூஞ்சூறு எலி இல்லை: மலையிலிருந்து வந்த கேள்விகள்

கேள்வி (கோத்தகிரி): கேரட் மூட்டை வைத்திருக்கிற கொட்டகையில் மூக்கு நீண்ட எலி ஒன்று சுற்றுகிறது. எலி மருந்து வைக்கலாமா?

வைக்காதீர்கள். அது எலியே இல்லை, மூஞ்சூறு. எலிக்கு முன்னால் உளி மாதிரி பல், அப்புறம் ஒரு இடைவெளி, அதற்குப் பின்னால்தான் கடைவாய்ப் பல். மூஞ்சூறுக்கோ வாய் நெடுக ஊசி ஊசியாகப் பற்கள், பூச்சியைக் கடிக்கத்தான் அது லாயக்கு. சொந்தம் என்று பார்த்தால் தெற்குச் சீமையில் இருக்கிற முள்ளெலிதான் இதற்கு நெருக்கம். மூட்டைக்கு அடியில் இருக்கிற கரப்பானுக்கும் புழுவுக்கும்தான் வருகிறது. நீங்கள் மருந்து வைத்தால் அதைத் தின்ற பூச்சியையும் நத்தையையும் தின்று இதுவும் சாகும். பசை அட்டை அதைவிடக் கொடுமை, ஒட்டிய இடத்திலேயே பசியில் துடித்துச் சாகும். கதவுச் சந்தை அடைத்துவிட்டு மூட்டையைப் பலகை மேல் ஏற்றுங்கள், போதும்.

கேள்வி (குன்னூர்): எங்கள் பூனை மூஞ்சூறைக் கொன்றுவிட்டுத் தின்னாமல் போட்டுவிடுகிறதே?

நாற்றம்தான் காரணம். விலாப்பக்கம் ஒரு சுரப்பி இருக்கிறது.

கேள்வி (ஊட்டி, கல்லூரி மாணவி): அமெரிக்காவில் ஓரிகன் மாநிலத்தில் மட்டும் ஒரு மூஞ்சூறு வாழ்கிறதாமே. ஒரே இடத்தில் ஏன் இப்படி அடைந்து கிடக்கிறது? நம் மலையில் அப்படி ஏதாவது உண்டா?

நீங்கள் சொல்வது சோரெக்ஸ் பசிபிகஸ் என்ற இனம். கடலோர ஈரக்காட்டில், விழுந்து மக்கிய மரங்களுக்கு அடியில் திரிகிறது. அதன் பல் நுனி சிவப்பாக இருக்கும், பல்லின் மேல்பூச்சான எனாமலில் இரும்பு இருப்பதால். ஒரே இடத்தில் கிடப்பதற்கு உடம்பு சிறியதாக இருப்பதும் ஒரு காரணமாக இருக்கலாம். சிறிய உடம்பு சூட்டை வேகமாக இழக்கும், அதை ஈடுகட்ட ஓயாமல் தின்ன வேண்டும். எடையில் உலகிலேயே சிறிய பாலூட்டியான சங்கஸ் எட்ரஸ்கஸ் என்ற மூஞ்சூறு சராசரியாக 2 கிராம் கூட இருக்காது, அதன் இதயம் நிமிடத்துக்கு 1,500 முறை வரை துடிக்கும். இப்படிப்பட்ட உயிர் புழுவும் பூச்சியும் மண்டிய ஈரத்தை விட்டுவிட்டுக் காய்ந்த நிலத்தைத் தாண்டிப் போவது சுலபமில்லை.

நம் பக்கமும் உண்டு. உடம்பைவிட வால் நீண்ட சங்கஸ் டேயி என்ற மூஞ்சூறு மேற்குத் தொடர்ச்சி மலை தவிர வேறெங்கும் கிடையாது. இந்திய மீன்களைப் பற்றி எழுதிய மருத்துவர் பிரான்சிஸ் டேயின் பெயரை 1888-ல் விலங்கியலாளர் டாப்சன் அதற்கு வைத்தார். தேயிலைக்கும் கற்பூர மரம் என்கிற யூகலிப்டஸுக்கும் சீகை என்கிற வாட்டில் மரத்துக்கும் நடுவே துண்டு துண்டாக நிற்கிற சோலைக்காடு ஒவ்வொன்றும் இந்த மாதிரி உயிருக்கு ஒரு தீவுதான். நிஜத் தீவிலும் கதை இதேதான்: அந்தமான் பக்கம் நார்கொண்டம் என்ற எரிமலைத் தீவில் மட்டும் வாழ்கிற மூஞ்சூறு ஒன்று 2021-ல்தான் அறிவியலுக்கே தெரிய வந்தது. அதனால் சோலைக்குள் விழுந்து கிடக்கிற கட்டையை விறகுக்கு இழுக்காதீர்கள், சருகையும் வாராதீர்கள். அவற்றின் வீடும் சாப்பாட்டுத் தட்டும் அதுதான்.

கேள்வி (கொடைக்கானல்): சோலை ஓரம் கிடந்த காலிப் பாட்டிலுக்குள் மூஞ்சூறு மாதிரி மூன்று செத்துக் கிடந்தன. யாராவது போட்டிருப்பார்களா?

யாரும் போடவில்லை, அவையேதான் போயிருக்கும். பாட்டிலுக்குள் பூச்சி விழுந்து செத்து நாறும், அந்த வாசனைக்கு முதல் மூஞ்சூறு நுழையும். பாட்டில் வாய் மேல்நோக்கிச் சாய்ந்து கிடந்தால் வழுக்குகிற கண்ணாடியில் அதனால் திரும்பி ஏற முடியாது. அது செத்ததும் அந்த நாற்றத்துக்கு அடுத்தது வரும். நானும் அப்படி ஒரு பாட்டிலைக் கவிழ்த்து எலும்பு பொறுக்கியிருக்கிறேன், இன்னும் மனசு ஆறவில்லை. நீலகிரியில் 2022-ல் காலி மதுப்பாட்டிலைத் திருப்பிக் கொடுத்தால் 10 ரூபாய் என்று கொண்டுவந்தார்களே, உடைந்த பாட்டில் குத்தாமல் யானையின் காலைக் காப்பாற்றுவதோடு இந்தச் சின்ன உயிரையும் அது காப்பாற்றும். நடக்கப் போகும்போது பாட்டில் பொறுக்க ஒரு சாக்கு எடுத்துப் போங்கள்.

கேள்வி (குன்னூர்): ராத்திரி சமையலறையில் பாம்பு என்று பயந்து அடிக்கப் போனேன், பார்த்தால் குட்டி மூஞ்சூறுகள் ஒன்றின் பின்னால் ஒன்று ஒட்டிக்கொண்டு போகின்றன. நோயா?

நோயில்லை, தாய் குட்டிகளை இடம் மாற்றுகிறது. முதல் குட்டி தாயின் வாலடியைக் கவ்வும், அடுத்தது அதன் பின்னால் கவ்வும், கூடு போய்ச் சேரும்வரை விடாது. விளக்கை அணைத்துவிட்டு ஐந்து நிமிடம் ஒதுங்கி நில்லுங்கள், தானாகப் போய்விடும்.