வாயுவால் ஆன நிலங்கள் வானில் மிதக்கும் கற்பனை உலகை வாசகர் நம்பும்படி எழுதுவது எப்படி?

வாயுவாலேயே ஆன தீவுகள், அவற்றின் மேல் வயலும் ஊரும், இதை வாசகர் நம்புவார்களா என்று கேட்டிருக்கிறீர்கள். கட்டாயம் நம்புவார்கள். நான் இலங்கையின் கிழக்குக் கரையில், கல்முனைப் பக்கம் விஞ்ஞானம் படிப்பிக்கிறவன், மாயக் கதைகளில் தீராத ஆசை உள்ளவன். எனக்குத் தோன்றுவதைச் சொல்கிறேன்.

வாயு ஓரிடத்தில் நிற்காது, பரவிப் போய்விடும். அதைப் பிடித்து வைக்க ஒரு தோல் வேண்டும். நாவிதன்வெளிக்குப் போகும் வழியில் கிட்டங்கிப் பாலத்தில் நின்று பார்த்தவர்களுக்கு ஆற்றுவாழையைத் தெரியும். நீர் முழுவதையும் மூடி, இறங்கி நடக்கலாம் போலப் பச்சையாகக் கிடக்கும். அதன் காம்பைப் பிளந்து பாருங்கள். உள்ளே சின்னச் சின்ன அறைகள், அத்தனையிலும் காற்று. ஒரு காம்பு உடைந்தாலும் மற்றவை தாங்கிக்கொள்ளும். உங்கள் தீவையும் ஒரே பெரிய பலூனாக எழுதாமல், கோடிக்கணக்கான சிறு அறைகளாக எழுதுங்கள். அறைகள் மூடியிருக்க வேண்டும், அது முக்கியம். 2013 இல் சீன ஆய்வாளர்கள் காபனில் ஓர் ஏரோஜெல், அதாவது நுண்துளைகள் நிறைந்த மிக இலேசான திடப்பொருள், செய்தார்கள். துளைகளில் உள்ள காற்றை விட்டுவிட்டுப் பார்த்தால் அது ஈலியத்தை விட அடர்த்தி குறைந்தது. ஆனாலும் பறக்கவில்லை. துளைகள் திறந்தவை என்பதால் காற்று உள்ளே புகுந்துவிடுகிறது.

உங்கள் மாயம் இந்தத் தோலோடு நிற்கட்டும். எடையே இல்லாத, கசியாத, தானாக வளரும் தோல். அது எங்கிருந்து வந்தது என்று விளக்கவும் வேண்டாம். மற்றதெல்லாம் நம் உலகத்து விதிப்படியே நடக்கட்டும். கதை அங்கேதான் பிறக்கும் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

எடையைப் பாருங்கள். ஒரு அடி ஆழத்துக்கு மண் போட்டால் ஒரு சதுர மீற்றருக்குச் சுமார் 450 கிலோ. கடல் மட்டத்துக் காற்றில் ஒரு கன மீற்றர் ஐதரசன் தூக்குவது ஏறக்குறைய 1.1 கிலோ. அப்படியென்றால் அந்த ஒரு அடி மண்ணுக்குக் கீழே 400 மீற்றர் ஆழத்துக்கு ஐதரசன் இருக்க வேண்டும். உயரத்தில் காற்று மெலிவதால் இன்னும் கூடுதலாகவே வேண்டும். மெல்லிய தட்டாக மிதக்கும் தீவுகளைப் படங்களில் பார்த்துப் பழகிவிட்டோம். உண்மையில் உங்கள் தீவு மலை போலத் தடித்துத்தான் இருக்கும்.

இதை விடப் பெரிய சிக்கல் ஒன்று இருக்கிறது, பலரும் கவனிப்பதில்லை. தோணி நீருக்கு மேலே மிதக்கிறது, அதனால் அகலம் அதைக் காப்பாற்றும். உங்கள் தீவோ காற்றுக்குள் முழுதாக மூழ்கிக் கிடக்கிறது. முழுதாக மூழ்கிய பொருளின் பாரம் மேலே இருந்தால் அது கவிழ்ந்துவிடும், எவ்வளவு அகலமாக இருந்தாலும் சரி. பலூனுக்குக் கூடையைக் கீழே தொங்கவிடுவதும் இதனால்தான். ஆகவே மேலே மண் இருந்தால், அதற்குக் குறையாத பாரம் அடியிலும் தொங்க வேண்டும். வாயுவின் அளவும் இரட்டிப்பாகும். நெல்லுக்கு வெயில் தேவை, அது மேலேதான் விளையும். கல், இரும்பு, களஞ்சியம், பட்டறை எல்லாம் அடியில். அந்தப் பாரத்தைப் பார்த்துக்கொள்ளும் மக்கள் தீவின் நிழலிலேயே பிறந்து வளர்வார்கள். மேலூருக்கு ஒரு மூட்டை போனால் கீழூரிலும் ஒரு மூட்டை ஏற வேண்டும். மேலூரார் கீழூராரை எப்படி நடத்துவார்கள், கீழூரார் ஒருநாள் கல்லை அவிழ்த்துவிட்டால் என்ன நடக்கும்? உங்கள் நாவலே இதற்குள் இருக்கிறது.

அப்புறம் காற்று. கட்டுப்படாமல் மிதக்கும் பொருள் காற்றோடு சேர்ந்தே போகும், ஆகவே அதன் மேல் நிற்பவருக்குக் காற்று வீசுவதே தெரியாது. விளக்குச் சுடர் ஆடாது, பட்டம் ஏறாது. 1978 நவம்பர் 23 சூறாவளியைப் பற்றி மட்டக்களப்பு முதியவர்கள் இன்றும் பேசுவார்கள். தென்னைகள் சாய்ந்தன, கூரைகள் பறந்தன. அதே சூறாவளியில் உங்கள் தீவு அதன் கண்ணைச் சுற்றிச் சுழன்றுகொண்டே போகும். மேலடுக்கிலும் கீழடுக்கிலும் காற்றின் வேகம் மாறும் இடங்களில் ஒரு குலுக்கல், அவ்வளவுதான் தெரியும். வாடைக் காலத்தில் தீவுகள் கடலிலிருந்து எங்கள் ஊர்ப்பக்கம் வரும், மேற்கிலிருந்து வீசும் கச்சான் காற்று எழுந்தால் திரும்பக் கடலுக்குப் போகும். தரையில் இருப்பவர் தீவாரோடு சம்பந்தம் பேசுவதும் கடன் கேட்பதும் இந்தப் பருவக் கணக்கில்தான் நடக்கும்.

தீவார் உண்மையில் அஞ்ச வேண்டியது மழைக்கு. 100 மில்லிமீற்றர் மழை என்றால் ஒவ்வொரு சதுர மீற்றரிலும் 100 கிலோ நீர். மாரியில் எங்கள் பக்கம் ஒரே நாளில் அவ்வளவு கொட்டுவது புதிதல்ல. நீர் தேங்கினால் தீவு தாழும், தாழ்ந்தால் குன்றில் மோதும். உன்னிச்சைக் குளத்தில் மிகை நீரை வெளியேற்ற வான்கதவு திறப்பது போல அங்கேயும் கதவு திறந்தே ஆக வேண்டும், அந்த வெள்ளம் கீழே யாருடைய வயலில் விழுகிறது என்பது வழக்காகும்.

வேறு வழியும் உண்டு. தீவைச் சுற்றியுள்ள காற்றையே மாற்றிவிடுங்கள். வெள்ளிக் கிரகத்தின் வளி பெரும்பாலும் காபனீரொட்சைட்டு. அதற்குள் நாம் சுவாசிக்கும் சாதாரண காற்றே மேலே தூக்கும் வாயு ஆகிவிடும். 1985 இல் சோவியத் ஒன்றியம் வேகா பயணங்களில் அனுப்பிய இரண்டு ஈலியப் பலூன்கள் அங்கே சுமார் 54 கிலோமீற்றர் உயரத்தில் இரண்டு நாட்களுக்குக் கிட்ட மிதந்தன. அப்படி ஓர் உலகில் மக்கள் நிலத்துக்கு உள்ளேயே குடியிருக்கலாம், சுவாசிக்கும் காற்றே அவர்களைத் தாங்கும். ஆனால் வெளியே போய் மூச்சு விட முடியாது. உங்களுக்கு வயலும் ஊரும் வேண்டுமென்றால் இது ஒத்துவராது.

எந்த வாயு என்ற தெரிவு மிச்சம். ஈலியம் எரியாது, பாதுகாப்பு. நான் எழுதினால் ஐதரசனைத்தான் எடுப்பேன். அது எரியும் என்பதால் அடுப்பு எங்கே மூட்டுவது, பிணத்தை எங்கே எரிப்பது, பீடி பற்றவைத்தவனுக்கு என்ன தண்டனை என்று ஒவ்வொன்றுக்கும் ஊர் ஒரு முறை வகுத்திருக்கும். முதல் அத்தியாயத்தை அடைமழை நாளில், வான்கதவுக்காரர் வீட்டில் தொடங்கிப் பாருங்கள். எழுதியதும் இங்கே போடுங்கள், வாசிக்க ஆவலாக இருக்கிறேன்.