கூடாரம் போட்ட தயாரிப்பாளர்

அன்புள்ள ஐயா,

இரண்டு குறும்படங்கள் தயாரித்திருக்கிறேன். அடுத்து ஒரு முழுநீளப் படம் தயாரிக்க ஆசை. ஜப்பானில் பெரிய ஸ்டுடியோக்கள் தயவில்லாமல் படம் தயாரித்தவர்களில் யாரைப் படிக்கலாம்? அவர்கள் பணத்துக்கு என்ன செய்தார்கள்? நல்ல படத்துக்குக் கூட்டம் வருவதில்லை என்கிறார்கள். திரைப்பட விழாக்களையும் ஓடிடியையும் நம்பி இறங்கலாமா?

க., ஈரோடு

அன்புள்ள க.,

கென்ஜிரோ அராத்தோவைப் படியுங்கள். கொஞ்ச நாளாகவே அவர் நினைப்பாக இருக்கிறேன், அதனால்தான் உங்களுக்கு உடனே எழுதுகிறேன். பணத்தைப் பற்றிய கேள்வி அப்படியே இருக்கட்டும், எல்லாரும் அதைத்தான் முதலில் கேட்கிறார்கள்.

1968இல் நிக்காட்சு ஸ்டுடியோ செய்ஜுன் சுசுகி என்ற இயக்குநரை வேலையை விட்டு அனுப்பியது. அவர் எடுக்கும் படங்கள் யாருக்கும் புரியவில்லை என்பது முதலாளியின் புகார். சுசுகி வழக்குப் போட்டார், மாணவர்கள் அவருக்காகத் தெருவில் இறங்கினார்கள், 1971இல் சமரசம் ஆனது. ஆனால் அதன் பிறகும் பல வருஷம் பெரிய ஸ்டுடியோக்கள் அவரைச் சீந்தவில்லை. 1977இல் ஒரே ஒரு படம், அதுவும் ஓடவில்லை. அந்த மனிதரை நம்பி 1980இல் 'ஸிகாய்னர்வைசன்' படத்தைத் தயாரித்தவர் அராத்தோ. நாடகத்திலிருந்து வந்தவர், அப்போது 33 வயது. இயக்குநருக்கு 56.

படம் முடிந்தது. திரையிட அரங்கம் கிடைக்கவில்லை.

நான் சொல்ல வந்தது இங்கேதான் இருக்கிறது, தயவுசெய்து நிதானமாகப் படியுங்கள். தோஹோ, ஷோச்சிகு, தோயேய் என்று பெரிய கம்பெனிகள் படத்தையும் எடுத்து, விநியோகமும் செய்து, அரங்குகளையும் தங்கள் பிடியில் வைத்திருந்த நாடு அது. வெளியிலிருந்து வருகிறவன் எவ்வளவு நல்ல படத்தோடு வந்தாலும் வாசலில்தான் நிற்க வேண்டும். மேலும் 1958இல் ஜப்பானில் ஆண்டுக்கு 112 கோடிக்கு மேல் டிக்கெட் விற்றது, 1980இல் அது 16 கோடிச் சொச்சமாகச் சரிந்திருந்தது. பயந்துபோயிருந்த அரங்குக்காரர்கள் புரியாத படத்தைத் தொடுவார்களா? அராத்தோ அவர்களிடம் கெஞ்சிக்கொண்டு நிற்கவில்லை. காற்றடைத்து நிறுத்தும் குவிமாடக் கூடாரம் ஒன்றைப் போட்டு, டோக்கியோவில் தானே படத்தைக் காட்டினார். கூட்டம் வந்தது. அந்த ஆண்டின் சிறந்த படம் என்று கினெமா ஜுன்போ பத்திரிகை தேர்ந்தெடுத்தது, ஜப்பான் அகாடமி விருதும் கிடைத்தது, அடுத்த ஆண்டு பெர்லின் திரைப்பட விழாவில் சிறப்புப் பாராட்டு.

கூடாரம் என்றதும் உங்களுக்கு டூரிங் டாக்கீஸும் மணல் தரையும் ஞாபகம் வரும். வர வேண்டாம். அராத்தோ பழைய நினைவுகளுக்காகக் கூடாரம் போடவில்லை. தயாரிப்பு, விநியோகம், திரையிடல் மூன்றும் ஒரே கையில் இருந்தால்தான் இந்தப் படம் எத்தனை வாரம் ஓட வேண்டும் என்பதை அடுத்தவன் முடிவு செய்ய முடியாது. இது சுத்தமான வியாபாரக் கணக்கு. நம்மில் பலர் இந்த இடத்தில்தான் கோட்டை விடுகிறோம். பணம் புரட்டுவதே தயாரிப்பு என்று நினைத்துக்கொள்கிறோம். படத்தைக் கடைசிப் பார்வையாளன் வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்ப்பதுதான் தயாரிப்பு.

என் நண்பர் ஒருவர் அம்மா பேரில் இருந்த நிலத்தை விற்று ஒரு படம் எடுத்தார். நல்ல படம், கண் கலங்கிப் பார்த்தேன். எடிட்டிங், சவுண்ட் எல்லாம் முடிந்த பிறகுதான் எங்கே காட்டுவது என்று யோசிக்கவே ஆரம்பித்தார். அந்தப் படம் இன்றைக்கும் ஹார்ட் டிஸ்க்கில் கிடக்கிறது. அந்த அம்மா கடைசிவரை அதைப் பெரிய திரையில் பார்க்கவில்லை. ஒரு கல்யாண மண்டபத்தைப் பிடித்து, திரை கட்டி, ஊரையே கூப்பிட்டிருக்கலாம். அதைச் செய்ய அவருக்குக் கூச்சம். இந்தக் கூச்சத்தின் மேல்தான் எனக்குக் கோபம், க. மல்டிபிளெக்ஸில் ஒரு காலைக் காட்சி கிடைத்தால்தான் படம் வெளியானதாக அர்த்தமா?

நல்ல படத்துக்குக் கூட்டம் வராது என்று நீங்களும் எழுதுகிறீர்கள். இன்னும் ஒரு பார்வையாளரைக்கூடத் தேடிப் போகாமல் இதைச் சொல்ல உங்களுக்கு உரிமை இல்லை. கடுமையாகச் சொல்கிறேன் என்று தெரியும். உங்கள் கடிதத்தில் உழைப்பு தெரிகிறது, அதனால்தான் சொல்கிறேன். ஓடிடியைப் பற்றி எனக்குச் சொல்ல ஒன்றும் இல்லை. விழாக்களுக்கு அனுப்புங்கள், அதோடு நின்றுவிடாதீர்கள்.

அராத்தோவும் ஒரு படத்தோடு நிற்கவில்லை. சுசுகிக்கு மேலும் இரண்டு படங்கள், 1981இலும் 1991இலும். இயக்குநர் ஜுன்ஜி சகாமோட்டோவின் முதல் படமான 1989இன் குத்துச்சண்டைப் படமும் அவர் தயாரிப்புதான். அப்புறம் தானே இயக்கவும் வந்தார், 2016இல் மறையும்வரை சொந்த வழியிலேயே போனார்.

அடுத்த கடிதத்தில் பட்ஜெட் எழுத வேண்டாம். படத்தை முதலில் எந்த ஊரில், எந்த இடத்தில், எத்தனை நாள் காட்டப்போகிறீர்கள், டிக்கெட்டை யார் கிழிக்கப்போகிறார்கள் என்று எழுதுங்கள். அதற்குப் பிறகு பணத்தைப் பற்றிப் பேசுவோம்.