மகள் வெளியுறவுச் சேவையில் சேரலாமா?

வணக்கம் அக்கா. வரலாறு படித்த மகளுக்கு வெளியுறவு அமைச்சு வேலை சரிவருமா, சட்டம் படித்திருக்க வேண்டாமா என்று கேட்டிருந்தீர்கள். படிப்பை நினைத்துக் கவலைப்படாதீர்கள். சிங்கப்பூரின் முன்னாள் அதிபர் எஸ்.ஆர். நாதன் 1955இல் மருத்துவச் சமூகப் பணியாளராகத் தொடங்கியவர். 1990 முதல் 1996 வரை அமெரிக்காவில் நம் தூதராக இருந்தார்.

என் மனைவிக்கு இதில் பதினாறு வருட அனுபவம். விருந்து என்று வெளியே தெரிவதுதான் அவளுக்கு முக்கியமான வேலை நேரம். ஒரே ஆரஞ்சுச் சாற்றைக் கையில் வைத்துக்கொண்டு, யார் எதைச் சொன்னார், எதைச் சொல்லாமல் நழுவினார் என்று கவனிப்பாள். பிறகு புடவைகூட மாற்றாமல் நேரே தூதரகத்துக்குப் போய் அறிக்கை எழுதிவிட்டுத்தான் வீட்டுக்கு வருவாள். இதில் மகளுக்கு ஆசை இருக்கிறதா என்று பாருங்கள், அதுதான் முக்கியம்.

சில வருடத்துக்கு ஒரு நாடு, அப்புறம் சிங்கப்பூரில், தங்ளின் வட்டாரத்தில் உள்ள அமைச்சின் தலைமையகத்தில் மேசை வேலை, மறுபடி பெட்டி கட்டுதல். மனைவிக்காக நான் இரண்டு முறை வேலையை விட்டேன்; கல்யாணப் பேச்சு வந்தால் மாப்பிள்ளையிடம் இதை முதலிலேயே பேசச் சொல்லுங்கள். மாமியார் இறந்தபோது அவள் மண்டாய் தகனச்சாலைக்கு வந்து சேர்ந்தது கடைசி அரை மணி நேரத்தில். அதையும் மகளிடம் மறைக்காமல் சொல்லுங்கள். கேட்ட பிறகும் போகிறேன் என்றால், தடுக்காதீர்கள் அக்கா.