காலத்தோடு தனி உறவுள்ள ஒரு கடல் இனத்தை எப்படிக் கற்பனை செய்வது?

காலப் பயணம் வேண்டாம், அது அலுத்துப்போன சங்கதி. மீனின் காதைப் பாருங்கள். அதற்குள் இருக்கும் சுண்ணாம்புக் கல்லில் மர வளையம் போல அடுக்குகள் சேரும். குஞ்சுப் பருவத்தில் பெரும்பாலும் நாளுக்கு ஒன்று. மீனின் வயதைக் கணிக்க அதைத்தான் எண்ணுகிறார்கள்.

உங்கள் இனத்துக்குச் 'செவிக்கல்லர்' என்று பெயர் வைப்போம். எந்த அடுக்கை நினைத்தாலும் அந்த நாளை அப்படியே மறுபடி வாழ்வார்கள். ஆனால் அந்த நேரத்தில் புது அடுக்கு வளராது. இன்றைய நாள் பதிவாகாமலே போய்விடும். பழசையே நினைத்துக் கிடக்கும் கிழவருக்குக் கடைசி 40 வருடமும் வெற்றுக் கல்! அப்புறம், இறந்தவரின் கல் யாருக்கு என்ற சண்டையிலேயே பாதிக் கதை இருக்கிறது.

ஆயுளா? கிரீன்லாந்து சுறா குறைந்தது 272 ஆண்டுகள் வாழும் என்று 2016-இல் ஓர் ஆய்வு மதிப்பிட்டது. தாராளமாக 300 கொடுங்கள்.