ரோமிலிருந்து ஓஸ்தியா ஆந்திகாவுக்கு வழிகாட்டியுடன் அரைநாள் பயணம் போவது பயனுள்ளதா?

ரோமில் நான்கு நாள் தங்கவிருக்கிறீர்கள். அதில் ஒரு காலைப்பொழுதை ஓஸ்தியா ஆந்திகாவின் இடிபாடுகளுக்கு ஒதுக்கலாமா, ஒதுக்கினால் வழிகாட்டி தேவையா, அதைவிடப் பொம்பெய்க்கே போய்விடுவது மேலா என்று கேட்டிருக்கிறீர்கள். நான் ஓஸ்தியாவுக்கு இரண்டு முறை சென்றிருக்கிறேன். முதல் முறை தனியாகச் சென்றேன். இரண்டாம் முறை என் அம்மாவை அழைத்துக்கொண்டு, தொல்லியல் படித்த, உரிமம் பெற்ற ஒரு பெண் வழிகாட்டியுடன் சென்றேன். அந்த இரண்டையும் வைத்துச் சொல்கிறேன்: கட்டாயம் போங்கள், வழிகாட்டியுடன் போங்கள்.

முதல் முறை மூன்று மணி நேரத்துக்கு மேல் நடந்தும், செங்கல் சுவர்களைப் பார்த்தேன் என்பதைத் தவிர வேறெதுவும் மனத்தில் நிற்கவில்லை. கொலோசியத்தின் முன் நிற்கும் ஒருவருக்கு யாரும் எதையும் விளக்க வேண்டியதில்லை. அதன் அளவே போதும். ஓஸ்தியா அப்படிப்பட்ட இடமன்று. அது கடைக்காரர்களும், சுமை தூக்குவோரும், கப்பல் உரிமையாளர்களும், வாடகை வீட்டுக்காரர்களும் வாழ்ந்த ஒரு துறைமுக நகரம். அங்கே எந்தச் சுவர் கடை, எது கிடங்கு, எது மாடிக்கு ஏறும் படி என்று சுட்டிக்காட்ட ஒருவர் பக்கத்தில் இல்லாவிட்டால், எல்லாம் ஒரே மாதிரியாகவே தெரியும்.

பொம்பெய்யைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். அது பார்க்க வேண்டிய இடந்தான். ஆனால் ரோமிலிருந்து நேப்பிள்ஸ் சென்று, அங்கிருந்து இன்னொரு ரயில் பிடித்துப் போய்வர முழு நாள் வேண்டும். மேலும் இரண்டும் ஒன்றுக்கொன்று மாற்றாகக் கூடியவை அல்ல. பொம்பெய் கி.பி. 79-இல் வெசூவியஸ் எரிமலை வெடித்தபோது புதைந்து, அந்தக் காலத்தோடு நின்றுவிட்ட ஊர். ஓஸ்தியா அதன் பிறகும் பல நூற்றாண்டுகள் வாழ்ந்து, துறைமுகத் தொழில் கைவிட்டுப் போகப் போக, மெல்ல மெல்ல ஆளற்றுப் போனது. ஆகவே அங்கே இன்று நாம் காணும் கட்டடங்களில் பெரும்பகுதி 2-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை; ரோம் நகரத்துச் சாதாரண மக்கள் வாழ்ந்த அடுக்குமாடி வீடுகள் எப்படி இருந்தன என்பதை ரோமிலேயே இவ்வளவு தெளிவாகப் பார்க்க முடியாது.

எங்கள் வழிகாட்டி நுழைவாயிலைத் தாண்டியதும் எந்தக் கட்டடத்தையும் காட்டாமல், ஆற்றைப் பற்றியே பேசத் தொடங்கினார். லத்தீனில் ‘ஓஸ்’ என்றால் வாய். டைபர் ஆறு கடலில் கலக்கும் வாயில் இருந்ததால் ஊருக்கு இந்தப் பெயர். கி.மு. 4-ஆம் நூற்றாண்டில் ஒரு சிறு காவல் கோட்டையாகத் தொடங்கிய ஊர் இது. ரோம் வளர்ந்து, தன் வயல்களை மட்டும் நம்பி உண்ண முடியாத நிலையை அடைந்தபோது, எகிப்திலிருந்தும் வட ஆப்பிரிக்காவிலிருந்தும் கோதுமை கப்பலில் வர வேண்டியதாயிற்று. பெரிய கப்பல்கள் ஆற்றுக்குள் நுழைய முடியாததால், கிளாடியஸ் பேரரசர் கி.பி. 42-இல் வடக்கே சிறிது தூரத்தில் ஒரு செயற்கைத் துறைமுகத்தைக் கட்டத் தொடங்கினார். அதுவும் போதுமான பாதுகாப்புத் தரவில்லை, கி.பி. 62-இல் துறைமுகத்துக்குள்ளேயே ஏறத்தாழ 200 கப்பல்கள் புயலில் அழிந்ததாக வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் எழுதியிருக்கிறார். பின்னர் டிராஜன் காலத்தில் அறுகோண வடிவில் உள்துறைமுகம் வெட்டப்பட்டது. வந்திறங்கிய சரக்கு படகுகளில் மாற்றப்பட்டு, மாடுகள் கரையிலிருந்து கயிறு கட்டி இழுக்க, ஆற்றில் ஏறி ரோமுக்குச் சென்றது. இவ்வளவையும் கேட்ட பிறகுதான், ஓஸ்தியாவில் ஏன் திரும்பிய பக்கமெல்லாம் கிடங்குகள் இருக்கின்றன என்பது எனக்குப் புரிந்தது.

அடுத்ததாக அவர் கற்றுக்கொடுத்தது சுவரைப் பார்க்கும் முறை. உடைந்த ஒரு சுவரின் பக்கவாட்டில் எங்களை நிறுத்தி, செங்கல் வெளிப்புறத்தில் மட்டுமே இருப்பதையும், உள்ளே சுண்ணாம்புச் சாந்தும் கற்களும் கலந்த ரோமானியக் காங்கிரீட் நிரம்பியிருப்பதையும் காட்டினார். சிறு சதுரக் கற்களை மூலைவாட்டில் பதித்து வலைபோல் அமைத்த முகப்பு பொதுவாக முந்தைய காலத்தது. வரிசையான செங்கல் முகப்பு அதற்குப் பிந்தியது. சில செங்கற்களில் சூளையின் முத்திரையோடு அவ்வாண்டின் ஆட்சித் தலைவர்களான கான்சல்களின் பெயர்களும் இருக்கும் என்பதால், கட்டடத்தின் காலத்தை மிக நெருக்கமாகக் கணிக்க முடிகிறது, கி.பி. 123-ஆம் ஆண்டு முத்திரைகள் பெருமளவில் கிடைத்திருக்கின்றன. இதைக் கேட்ட அடுத்த பத்து நிமிடத்தில் என் அம்மாவே ஒரு சுவரைக் காட்டி, “இது பழையது, அதன்மேல் இருப்பது பிறகு கட்டியது” என்று சொல்லத் தொடங்கிவிட்டார்.

நெப்டியூன் குளியல் மண்டபத்தின் கறுப்பு வெள்ளைத் தரைச் சித்திரத்தையும், அகஸ்டஸ் காலத்தில் கட்டப்பட்டுப் பின்னர் விரிவாக்கப்பட்ட அரங்கத்தையும் எல்லோரும் காட்டுவார்கள். நீங்கள் நேரம் ஒதுக்கி நிற்க வேண்டிய இடம் அரங்கத்துக்குப் பின்னால் இருக்கும் வணிகக் குழுக்களின் சதுக்கம். நடுவில் ஒரு கோயிலின் எச்சமும், மூன்று பக்கமும் ஏறத்தாழ 60 சிற்றறைகளும் உள்ளன. பல அறைகளின் முன்னே தரையில் கறுப்பு வெள்ளைக் கல் பதித்த சித்திரங்கள் இருக்கின்றன. கப்பல்கள், டால்பின்கள், கலங்கரை விளக்கம், தானியம் அளக்கும் மரக்கால், ஒரு கப்பலிலிருந்து இன்னொன்றுக்குச் சாடியைச் சுமந்து செல்லும் ஆள் என்று அவை ஒவ்வொன்றும் ஒரு தொழிலைச் சொல்கின்றன. கார்த்தேஜ், இன்றைய பிரான்சின் நார்பொன், சார்டினியாவின் காலியாரி ஆகிய ஊர்களின் வணிகர்கள் தங்கள் ஊர்ப்பெயரைக் கல்லில் எழுதி வைத்திருக்கிறார்கள். லிபியாவிலுள்ள சப்ராத்தா வணிகர்களின் அறை முன்பு ஒரு யானை இருக்கிறது. அது தந்த வணிகத்தைக் குறிக்கிறதா, அரங்கக் காட்சிகளுக்குக் கொண்டுவரப்பட்ட விலங்குகளைக் குறிக்கிறதா என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. இந்த அறைகள் அலுவலகங்களாக இருந்தனவா, விளம்பரம்போல் வைக்கப்பட்டவையா என்பதிலும் ஆய்வாளர்கள் ஒன்றுபடவில்லை. நம் வழிகாட்டி இத்தகைய ஐயங்களை மறைக்காமல் சொன்னது எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

அந்தச் சதுக்கத்தில் நின்று நான் மிளகைப் பற்றிக் கேட்டேன். நம் பக்கத்து மேற்குக் கரையில், முசிறியில் ஏற்றப்பட்ட மிளகு செங்கடல் துறைகளில் இறங்கி, ஒட்டகங்களின் முதுகில் பாலைவனத்தைக் கடந்து, நைல் ஆற்றின் வழியே அலெக்சாண்டிரியாவை அடைந்து, அங்கிருந்து இத்தாலிக்கு வந்தது என்று அவர் விளக்கினார். ரோமில் அதற்கென்றே டொமீஷியன் காலத்தில் கட்டிய மிளகுக் கிடங்கு இருந்தது; பிற்காலத்தில் அதன்மேல்தான் மாக்சென்டியஸ் மண்டபம் எழுந்தது. நீங்கள் ஃபோரம் எனப்படும் ரோமானிய மன்றத்தைப் பார்க்கும் நாளில் அந்த மண்டபத்தைத் தேடிப் பாருங்கள். சற்றுத் தள்ளி, எண்ணெயும் மதுவும் சேமிக்கத் தரையில் கழுத்தளவு புதைத்த பெரிய தாழிகளைப் பார்த்தபோது, அரிக்கமேட்டில் கிடைத்த ரோமானியச் சாடித் துண்டுகள் நினைவுக்கு வந்தன. அவற்றின் மறுமுனை எப்படிப்பட்ட ஊர் என்று அன்றுதான் கண்டேன்.

சதுக்கத்தை அடுத்து டயானா இல்லம் இருக்கும் தெருவுக்கு அழைத்துச் செல்லும்படி வழிகாட்டியிடம் கேளுங்கள். தெருவை ஒட்டிக் கீழ்த்தளத்தில் கடைகள், அவற்றுக்கு இடையே நேராக மாடிக்கு ஏறும் படிகள், நடுவே பொது முற்றம் என்ற அமைப்பு இன்றைய நகரத்துக் குடியிருப்புகளை அப்படியே நினைவூட்டும். ரோமில் இத்தகைய வீடுகள் இடிந்தும் எரிந்தும் விழுந்ததால், தெருவை ஒட்டிய கட்டடங்கள் 70 ரோமானிய அடிக்கு மேல் உயரக் கூடாது என்று அகஸ்டஸ் வரம்பு விதித்தார். டிராஜன் அதை 60 அடியாகக் குறைத்தார். ஓஸ்தியாவில் தீயணைப்பு வீரர்களுக்குத் தனிக் குடியிருப்பே இருந்தது. அதையும் போகும் வழியில் காண்பீர்கள். இந்த வீடுகள் பெரும்பாலானவற்றில் சமையலறை இல்லை. அதனால்தான் அதே தெருவில் உணவுக்கடை இருக்கிறது: பளிங்கு மேடை, உள்ளே பாத்திரம் கழுவும் தொட்டி, சுவரில் உணவுப்பொருள்களின் ஓவியம், பின்னால் உட்கார்ந்து உண்ண ஒரு முற்றம். அருகிலுள்ள மாவாலையில் கழுதைகள் சுற்றி இழுத்த எரிமலைக் கல் திரிகைகள் இன்னும் வரிசையாக நிற்கின்றன. என் அம்மா அந்தத் திரிகைகளின் அருகே நெடுநேரம் நின்றார். கல் எப்படித் தேய்ந்திருக்கிறது என்று கையால் காட்டி வழிகாட்டியிடம் கேள்விகள் கேட்டார்.

இனி ஏற்பாடுகள். ‘அரைநாள்’ என்ற சொல்லை நம்பிப் பணம் கட்டாதீர்கள். இடிபாடுகளுக்குள் எத்தனை மணி நேரம் என்று கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். எனக்குத் தெரிந்த ஒரு குடும்பம் பேருந்துப் பயணம் ஒன்றைப் பதிவு செய்து, விடுதி விடுதியாக ஆட்களை ஏற்றுவதிலேயே நேரம் போய், உள்ளே ஒன்றரை மணி நேரம் மட்டுமே கிடைத்து மனம் வருந்தித் திரும்பியது. குறைந்தது இரண்டரை மணி நேரம் வேண்டும். வழிகாட்டியை நேராக நுழைவாயிலில் சந்திக்கும் ஏற்பாடே நல்லது. ஏனெனில் போவது மிக எளிது. மெட்ரோவின் பி தடத்தில் பிராமிதே நிலையத்தில் இறங்கினால், ஒட்டியே போர்த்தா சான் பாவ்லோ ரயில் நிலையம். அங்கிருந்து ஏறத்தாழ அரை மணி நேரம். ரோம் நகரப் பேருந்துக்கும் மெட்ரோவுக்கும் எடுக்கும் பயணச்சீட்டே இதற்கும் செல்லும். திங்கட்கிழமைகளில் இடிபாடுகள் மூடியிருக்கும். முதன்மைத் தெருவின் கருங்கற்கள் மேடும் பள்ளமுமானவை. முழங்கால் வலி உள்ளவர்கள் ஓரத்து மண்பாதையில் நடப்பது நல்லது என்று வழிகாட்டியே எங்களுக்குச் சொன்னார். கோடையில் காலை முதல் நேரத்தையே தேர்ந்தெடுங்கள். தொப்பியும் தண்ணீரும் கட்டாயம்.

வழிகாட்டி விடைபெற்றதும் நீங்களும் கிளம்பிவிடாமல், கால்வலி இல்லையென்றால், முதன்மைத் தெருவின் மறுகோடியைத் தாண்டி யூத வழிபாட்டுக் கூடம் வரை நடந்துவிட்டு வாருங்கள். பெரும்பாலான குழுக்கள் அவ்வளவு தூரம் போவதில்லை. ஐரோப்பாவில் கண்டெடுக்கப்பட்ட மிகப் பழைய யூதக் கூடங்களுள் ஒன்றான அது, 1961-இல் விமான நிலையச் சாலை போடும்போது வெளிப்பட்டது. கட்டிய காலத்தில் அது கடற்கரையில் இருந்தது. ஆறு கொண்டுவந்து கொட்டிய மண்ணால் கடல் இப்போது ஏறத்தாழ 3 கிலோமீட்டர் விலகிப் போய்விட்டது. நாங்கள் சென்ற அன்று அங்கே வேறு யாருமில்லை. அம்மா ஒரு தூணின் நிழலில் அமர்ந்து, “கடல் எந்தப் பக்கம்?” என்று கேட்டார். நான் மேற்கே கை காட்டினேன்; அந்தப் பக்கம் புல்லும் சாலையுமே தெரிந்தன.