ஆசை இருந்தது, போர்க்கப்பல் இல்லை

கேள்வி: இங்கிலாந்தும் பிரான்சும் உலகத்தைக் கூறுபோட்டபோது ஆஸ்திரியா மட்டும் அடுத்தவர் நாட்டுக்கு ஆசைப்படவில்லையே! அந்தப் பெருந்தன்மையை ஏன் யாரும் பாராட்டுவதில்லை? — ஒரு வாசகர், சிதம்பரம்

பதில்: பெருந்தன்மையா? 'ஆசை இருக்கு தாசில் பண்ண, அதிர்ஷ்டம் இருக்கு கழுதை மேய்க்க' என்பார்களே, அந்தக் கதைதான்.

சென்னைக்குத் தெற்கே கோவளத்திலேயே கடை போட்டவர்கள் அவர்கள். இன்றைய பெல்ஜியத்தின் ஆஸ்டெண்ட் துறைமுகம் அன்று ஆஸ்திரியா வசம். 1722-இல் பேரரசர் ஆறாம் சார்லஸ் அங்கே ஒரு கம்பெனிக்குப் பட்டயம் கொடுத்தார். மூலதனம் 60 லட்சம் கில்டர் (அன்றைய நாணயம்). 1,000 கில்டர் வீதம் 6,000 பங்குகள். கோவளத்திலும் வங்காளத்துப் பாங்கிபஜாரிலும் பண்டகசாலைகள், சீனத்துக் காண்டனிலிருந்து தேயிலை. லாபம் கொட்டியது, லண்டனுக்கும் ஆம்ஸ்டர்டாமுக்கும் வயிறு எரிந்தது.

சார்லஸுக்கு ஆண் வாரிசு இல்லை. மகள் மரியா தெரசா பட்டத்துக்கு வர மற்ற அரசுகள் சம்மதிக்க வேண்டும். பிரிட்டன் கேட்ட விலை, கம்பெனியை மூடு என்பது. 1727-இல் ஏழாண்டுத் தடை, 1731-இல் ஒரேயடியாக மூடுவிழா. நஷ்டத்தில் மூழ்கிய கம்பெனி அல்ல, அரண்மனைக் கவலைக்குப் பலியான கம்பெனி!

அந்த மரியா தெரசாவே 1775-இல் மறுபடி முயன்றார். ஆங்கிலக் கம்பெனியோடு மோதி வங்காளத்திலிருந்து நாடு கடத்தப்பட்ட வில்லியம் போல்ட்ஸுக்குப் பட்டயம் கிடைத்தது. ஆள் கெட்டிக்காரர்தான். 1777-இல் ஆப்பிரிக்காவின் டெலகோவா விரிகுடாவில் (இன்றைய மபூட்டோ) யானைத்தந்த வியாபாரத்துக்குக் கொடி நட்டார். 1781-இல் கோவாவிலிருந்து வந்த போர்த்துகீசியப் படை அதைப் பிடுங்கி எறிந்தது.

நிக்கோபார் இன்னும் பரிதாபம். தரங்கம்பாடி டேனிஷ்காரர்கள் 1756-லேயே உரிமை கொண்டாடி, மலேரியாவுக்கு ஆட்களைப் பறிகொடுத்த தீவுகள் அவை. 1778-இல் போல்ட்ஸின் கப்பல், காட்ஃப்ரீட் ஸ்டால் என்பவரையும் விரல்விட்டு எண்ணக்கூடிய சிலரையும் அங்கே இறக்கிவிட்டுப் போனது. அப்படிப்பட்ட இடத்தில் ஆள் தங்க வேண்டுமானால் அரிசி, மருந்து, மாற்று ஆட்களோடு தவறாமல் கப்பல் வர வேண்டாமா? காவலுக்கு ஒரு போர்க்கப்பல்கூட வியன்னா அனுப்பவில்லை. 1783-இல் ஸ்டால் இறந்தார், குடியேற்றம் கலைந்தது. 1785-இல் போல்ட்ஸின் கம்பெனியும் திவால்.

ஆசை அப்போதும் விடவில்லை. 1858-இல் 'நொவாரா' போர்க்கப்பல் நிக்கோபாரை ஒரு மாதம் சுற்றிப் பார்த்து, செடியும் பூச்சியும் சேகரித்துக்கொண்டு போனது. 1869-இல் தீவுகளை எடுத்துக்கொண்டது பிரிட்டன்.